நாங்க என்றால் யார் யார்

எழுத்தாளரைப் பார்த்துக்கொள்ள நர்ஸாகப் போன முதல் நாள், எந்த வீட்டுக்குப் போனாலும் கேட்கிற கேள்விகளை அவரிடமும் கேட்டேன். என்னென்ன மாத்திரை, எது ஒத்துக்கொள்ளாது, கடைசியாக எப்போது விழுந்தீர்கள், ஏதாவது ஆனால் யாரைக் கூப்பிடுவது. மற்றதற்கெல்லாம் பட்டென்று பதில் வந்தது. கடைசிக் கேள்விக்கு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கொஞ்சம் பொறுத்து ஒரு போன் நம்பரை மனப்பாடமாக ஒப்பித்தார்.

"யாரு நம்பர் ஐயா?"

"எங்க அக்கா."

"எதுக்கெல்லாம் கூப்பிடணும்? காய்ச்சல்னாலா, ஆஸ்பத்திரியில சேத்தாலா?"

"செத்த பிறகு கூப்பிட்டாப் போதும். அதுக்கு முன்னாடி கூப்பிட்டா எடுக்க மாட்டா."

நான் நம்பரை எழுதிக்கொண்டு வேலையைப் பார்க்கப் போனேன். குடும்பச் சண்டை இல்லாத வீட்டில் நான் இதுவரை வேலை பார்த்ததில்லை.

இரண்டாவது மாடியில் இரண்டு அறை வீடு. லிப்ட் உண்டு, ஓடாது. அவருக்கு எண்பதை நெருங்கும் வயது. கை நடுக்கம், அதனால் பேனா பிடிக்க முடியாது. நடப்பதற்கு வாக்கர். மனைவி காலமாகி வருஷங்கள் ஆகியிருந்தன, பிள்ளைகள் இல்லை. ஒரு பத்திரிகை அலுவலகத்தில் பிழை திருத்துபவராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். காலையில் அலுவலகம் போவதற்கு முன்னால் எழுதி எழுதியே ஒரு அலமாரி நிறைய நாவல் போட்டிருந்தார். அதில் ஒன்றைத்தான் எல்லாருக்கும் தெரியும். பக்கவாதத்தில் படுத்துவிட்ட தாயை, கூடப் பிறந்தவர் யாருமில்லாத ஒரு மகன் தனியாக வைத்துப் பார்த்துக்கொள்ளும் கதை. 'நான்' என்று மகனே சொல்வதுபோல் எழுதியிருப்பார். அதனால் படித்தவர்கள் எல்லாரும் அது அவர் வாழ்க்கை என்று எடுத்துக்கொண்டார்கள். அவரும் இல்லையென்று சொல்லவில்லை.

மருந்துக் கடைக்காரர் என்னிடம் மாத்திரையைக் கொடுக்கும்போதெல்லாம் தவறாமல் கேட்பார். "அம்மாவைக் குழந்தை மாதிரி பாத்துக்கிட்ட மனுஷன். இன்னிக்கு அவரைப் பாக்க ஆளில்லை பாருங்க. எந்த மகன் அப்படிப் பாக்குறான்?"

வந்து அவரிடம் சொன்னால் முகம் சுண்டிப்போகும். முதலில் அடக்கம் என்று நினைத்தேன்.

இன்னொன்றும் எனக்குப் புதிராக இருந்தது. நான் போகிற எல்லா வீட்டிலும் என்னை 'சிஸ்டர்' என்றுதான் கூப்பிடுவார்கள். பல்லில்லாத கிழவர்கூட அப்படித்தான் கூப்பிடுவார். இவர் மட்டும் ஒரு நாளும் அந்த வார்த்தையைச் சொன்னதில்லை. 'நர்ஸம்மா' என்பார். அவசரமென்றால் 'இந்தாம்மா'.

அவருக்கு வேலை செய்வது சிரமமில்லை. பேச்சுத் துணை கொடுப்பதுதான் சிரமம். காலையில் குளித்து, சாப்பிட்டு, நாற்காலியில் உட்கார்ந்தால் மத்தியானம்வரை தெருவைப் பார்ப்பார். எதிர்க் கட்டடத்தில் ஒரு தையற்கடை. அதில் யார் யார் வருகிறார்கள், யாருக்குச் சட்டை இறுக்கமாக வந்தது, யார் சண்டை போட்டார்கள் என்று எல்லாம் தெரியும். தையற்காரருக்கு இவர் ஒருவர் இருப்பதே தெரியாது. வாசகர்கள் வருவது எப்போதோ நின்றிருந்தது. போன் வந்தால் பெரும்பாலும் கடன் வேண்டுமா என்று கேட்கும் பெண் குரல்தான். அவளிடம்கூட நலம் விசாரிப்பார். அவள்தான் வைத்துவிடுவாள்.

அப்படி இருக்கும்போதுதான் டெலிவிஷன்காரர்கள் கூப்பிட்டார்கள். மூத்த எழுத்தாளர்களைப் பேட்டி எடுக்கிறார்களாம். ஞாயிற்றுக்கிழமை காலையில் வரும் நிகழ்ச்சி. போனை நான்தான் அவர் காதில் பிடித்துக்கொண்டிருந்தேன். "வாங்க, தாராளமா வாங்க" என்றார். வைத்தவுடன், "முடி வெட்டணும்" என்றார்.

"இருக்கிறதே நாலு முடி."

"அந்த நாலையும் ஒழுங்கா வெட்டணும்."

மறுநாள் குளிப்பாட்டும்போது, முதுகில் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருக்கையில், அவர் முன்னால் இருந்த சுவரைப் பார்த்துச் சொன்னார். "நர்ஸம்மா, எங்கம்மாவை நான் பாக்கல."

எனக்கு அவர் எதைச் சொல்கிறார் என்று உடனே புரியவில்லை. "எப்ப?"

"எப்பவுமே. அம்மா படுத்த நாள்லேருந்து கண்ணை மூடுற வரைக்கும் அக்காதான் பாத்தா. நான் வேற ஊர்ல பத்திரிகை ஆபீஸ்ல இருந்தேன். லீவுக்கு வருவேன். வாசல்ல நின்னு பாப்பேன். அவ தலை சீவி விடுறதை, நகம் வெட்டுறதை. பாத்துட்டு ஊருக்குப் போய் எழுதினேன்."

"கதையில அக்காவே இல்லையே."

"எடுத்துட்டேன். ரெண்டு பேர் இருந்தா அந்த ரூம்ல தனிமை வர மாட்டேங்குது. எழுதிப் பாத்தேன். ஒரு ஆள் போதும்னு தோணுச்சு."

"அந்த ஒரு ஆளா அவங்களையே வச்சிருக்கலாம்ல?"

"பொம்பளை பாத்தா யாரு புஸ்தகம் வாங்குவான்? பொம்பளை பாக்குறது நாவல் இல்லை, அது தினசரி." பிறகு மெதுவாக, "அப்ப அப்படித்தான் நினைச்சேன்" என்றார்.

புத்தகம் வந்தவுடன் அக்காவுக்கு ஒரு பிரதி கொண்டுபோய்க் கொடுத்தாராம். அவள் ஒரே மூச்சில் படித்துவிட்டு வந்து, "இந்த வீட்ல நான் எங்கடா?" என்று கேட்டிருக்கிறாள். "கதைக்கு இடைஞ்சலா இருந்தே அக்கா" என்று இவர் சொல்லியிருக்கிறார். தமாஷாகச் சொன்னாராம். அன்றோடு பேச்சு நின்றது. அவர் மனைவி சாவுக்கு வந்தபோதுகூட அக்கா இவர் முகத்தைப் பார்க்காமல் போயிருக்கிறாள்.

"இந்தப் பேட்டியில சொல்லிடப் போறேன். அவங்க கட்டாயம் அம்மா நாவலைப் பத்திக் கேப்பாங்க. அப்ப சொல்லிடுவேன். அவ டிவி பாப்பா. அவளுக்கும் தெரியும், ஊருக்கும் தெரியும்."

"சொல்லிடுங்க," என்றேன். "கையைத் தூக்குங்க, சோப்புப் போடணும்."

அந்த வாரம் முழுக்க ஒத்திகைதான். குளிக்கும்போது, சாப்பிடும்போது, பல் தேய்க்கும்போது வாயில் நுரையோடு. ஒவ்வொரு தடவையும் வாக்கியம் வேறு மாதிரி வரும். ஒரு நாள் நீளமாக, ஒரு நாள் உவமையோடு. எனக்கு எல்லாம் ஒன்றுபோலத்தான் இருந்தது.

பேட்டி அன்று வந்தவர்கள் முதலில் லிப்டைத் திட்டினார்கள். பிறகு வீட்டைத் தலைகீழாக்கினார்கள். வாக்கரைச் சமையலறையில் வைத்தார்கள். மாத்திரை டப்பாவைக் கட்டிலுக்கடியில் தள்ளினார்கள். கழிப்பறை நாற்காலியைப் பார்த்த கேமராக்காரர், "இது என்ன ஸ்டூலா?" என்று கேட்டு அதன்மேல் விளக்கை வைக்கப் போனார். நான் சொன்னதும் கையை எடுத்துக்கொண்டார். மேக்கப் பெண் அவர் முகத்தில் பவுடர் ஒற்றினாள்.

"பாத்தும்மா. பொணத்துக்குப் போடுற மாதிரி போட்டுடாத."

"உங்களுக்கு இன்னும் நூறு வயசு ஐயா."

"அவ்வளவு பவுடர் போட்டிருக்கியா?"

எல்லாரும் சிரித்தார்கள். அந்த வீட்டில் அத்தனை பேர் சேர்ந்து சிரித்து நான் கேட்டதில்லை. அவருக்கு முகம் மலர்ந்துபோயிற்று. அதைப் பார்த்ததுமே எனக்குக் கொஞ்சம் பயமாக இருந்தது. ஆள் கூட்டத்துக்கு ஏங்கிப் போனவர்கள், வந்த கூட்டம் கலைந்துவிடக் கூடாதென்று வாயை மூடிக்கொள்வார்கள். எத்தனையோ நோயாளிகளிடம் பார்த்திருக்கிறேன். டாக்டர் சிரித்துப் பேசினால் வலியைச் சொல்ல மாட்டார்கள்.

பேட்டி எடுத்த பெண் நன்றாகத் தயார் பண்ணிக்கொண்டு வந்திருந்தாள். புத்தகங்களைப் படித்திருந்தாள். மரியாதையாகக் கேட்டாள். பிழை திருத்தும் வேலையைப் பற்றிக் கேட்டபோது, ஒரு அமைச்சரின் பெயரில் துணைக்கால் விடுபட்டு அது வேறு அர்த்தமாகிப்போன கதையைச் சொன்னார். விளக்குப் பிடித்தவர் சிரிப்பை அடக்க முடியாமல் விளக்கு ஆடியது. இன்னொரு முறை எடுத்தார்கள். நான் சமையலறை வாசலில், வாக்கருக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன்.

பிறகு அந்தப் பெண் குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "உங்க அம்மா நாவலைப் படிச்சு அழாதவங்க கிடையாது ஐயா. அம்மாவை நீங்க ஒருத்தரா நின்னு பாத்துக்கிட்டீங்க. அந்தத் தனிமையைத் தாங்குற பலம் எங்கேருந்து வந்துச்சு?"

அவர் வாயைத் திறந்தார். ஒரு கையால் இன்னொன்றைப் பிடித்துக்கொண்டார். கேமராவைப் பார்த்தார். அந்தப் பெண் கண்ணில் தண்ணீர் தேங்கி நிற்பதைப் பார்த்தார்.

"நாங்க ரொம்பச் சிரமப்பட்டுத்தான் பாத்துக்கிட்டோம்," என்றார்.

'நாங்க' என்பதைக் கொஞ்சம் அழுத்தித்தான் சொன்னார். அதை நான் மறுக்க மாட்டேன். அந்தப் பெண்ணும் அதைக் கவனித்தாள். அழகாகத் தலையாட்டினாள்.

"நாங்கன்னு சொல்றீங்க பாருங்க. நோயாளின்னு பிரிக்காம அம்மாவையும் சேத்து நாங்கன்னு சொல்றீங்க. அம்மாவும் பிள்ளையுமா சேந்து நடத்தின போராட்டம், இல்லையா ஐயா?"

அவர் அவளையே பார்த்தார். அப்போது ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும்.

"ஆமா," என்றார்.

சாமான்களைச் சுருட்டிக்கொண்டு எல்லாரும் இறங்கிப் போனபின், நான் மாத்திரை டப்பாவைக் கட்டிலுக்கடியிலிருந்து எடுத்துக்கொண்டிருந்தேன்.

"சொல்லிட்டேன்ல?" என்று கேட்டார்.

"நாங்கன்னு சொன்னீங்க."

"நாங்கன்னா அக்காவும்தானே."

"எனக்குத் தெரியும். அந்தப் பொண்ணு உங்கம்மாவைன்னு நினைச்சுக்கிச்சு. நீங்களும் ஆமான்னுட்டீங்க."

"அக்காவுக்குப் புரியும். ஆயுசு முழுக்க நான் நான்னு சொன்னவன் நாங்கன்னு சொல்லியிருக்கேன். அவளுக்குப் புரியாதா?"

நான் மாத்திரையைக் கையில் கொடுத்துத் தண்ணீரை நீட்டினேன்.

ஞாயிற்றுக்கிழமை நிகழ்ச்சி வந்தது. அவர் இஸ்திரி போட்ட சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்து பார்த்தார். அமைச்சர் கதையை வெட்டிவிட்டார்கள். 'நாங்க' இருந்தது. அந்த இடத்தில் சோகமாக ஒரு வயலினும் சேர்த்திருந்தார்கள். நிகழ்ச்சி முடிந்து விளம்பரம் ஓடிக்கொண்டிருக்கும்போதே போன் அடித்தது. எடுத்துக் காதில் பிடித்துக்கொடுத்தேன். அந்தக் குரல் எனக்கும் கேட்டது. வயசான குரல், ஆனால் உறுதியான குரல்.

"நாங்கன்னு சொன்னியே, அதுல நீ எங்கடா வந்த?"

"அக்கா. உன்னையும் சேத்துத்தான்..."

"என்னையும் சேத்தியா? பெரிய மனசு. நாங்கன்னா யார் யாரு? சொல்லு. பீத்துணி தொவைச்சது யாரு யாரு? நீ வந்து வாசல்ல நிப்ப. உள்ள வாடான்னா, நாத்தம்னு சொல்லுவ. இப்ப உனக்கு அதுல பாதியா?"

"தப்புதான் அக்கா. அம்மாவை நீதான் பாத்த. நான் பாக்கல."

"இதை எதுக்கு என்கிட்ட சொல்ற? எனக்குத் தெரியாதா? இந்த ஊர்ல அது தெரிஞ்ச ஒரே ஆளு நான்தான். தெரியாதவங்ககிட்டச் சொல்ல உனக்கு வாய் வரல."

வைத்துவிட்டாள். அவர் போன் இருந்த பக்கமே தலையைச் சாய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் டிவியை நிறுத்தினேன்.

அதன்பிறகு ஒரு வாரம் சரியாகச் சாப்பிடவில்லை. டெலிவிஷன்காரர்களைக் கூப்பிட்டு, ஒரு திருத்தம் சொல்ல வேண்டும் என்றார். மறுமுனையில் இருந்தவர், பேட்டி மிக நன்றாக இருந்ததாக எல்லாரும் சொல்கிறார்கள், திருத்த ஒன்றுமேயில்லை ஐயா என்றார். இவர் மறுபடி விளக்க, அவர் மறுபடி பாராட்டினார். மூன்றாம் முறை பாராட்டுக் கேட்க இவருக்குத் தெம்பில்லை.

அந்தச் சமயம் பதிப்பாளரிடமிருந்து செய்தி வந்தது. பேட்டி வந்ததால் அம்மா நாவலைக் கேட்டு வருகிறார்களாம், மறுபதிப்புப் போடுகிறார்களாம். "முன்னுரை எழுதித் தர்றேன்னு சொல்லு," என்றார் என்னிடம். அவர் சொல்ல, நான் எழுத வேண்டும்.

நான் பேனாவோடு உட்கார்ந்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு ஆரம்பித்தார். "எல்லா வீடுகளிலும் விளக்கு எரியாத ஓர் அறை உண்டு. அந்த அறையில் ஒரு பெண்..." எழுதினேன். அடிக்கச் சொன்னார். "நிழல்களுக்கு முகம் இல்லை. ஆனால் கைகள் உண்டு..." எழுதினேன். அதையும் அடிக்கச் சொன்னார். ஒரு பக்கம் முழுக்க இப்படி அடித்தல் திருத்தலாகவே போனது. எனக்கு அடுப்பில் சூப் இருந்தது.

"ஐயா, எங்கம்மாவைப் பாத்துக்கிட்டது எங்கக்கா, நான் அங்க இல்லை. இவ்வளவுதானே சொல்லணும்?"

"அது வாக்கியம் இல்லம்மா. அது தகவல்."

"அவங்க கேட்டது தகவல்தான்."

அவர் கண்ணைத் திறந்தார். கோபம் வரும் என்று நினைத்தேன், வரவில்லை. ரொம்ப நேரம் தையற்கடையைப் பார்த்தார். நான் போய் அடுப்பை அணைத்துவிட்டு வந்தேன்.

"எழுதிக்கோ," என்றார். "'இந்த நாவலில் வரும் தாய் என் தாய். அவரைப் பார்த்துக்கொண்டவர் என் அக்கா. நான் அந்த வீட்டில் இல்லை. அவர் செய்ததை நான் செய்ததாக எழுதினேன்.' முற்றுப்புள்ளி வை."

"அப்புறம்?"

"அப்புறம் ஒண்ணும் இல்லை. எடுத்து அனுப்பிடு. வச்சிருந்தா திருத்துவேன்."

பதிப்பாளர் அன்றைக்கே போன் பண்ணினார். குரலில் கலக்கம். "ஐயா, வாசகர்கள் மனசுல ஒரு படம் இருக்கு. அதை நாமளே கிழிக்கணுமா?"

"நாமளா? நீங்க எங்க வந்தீங்க? நான்தான் கிழிக்கிறேன். போடறதா இருந்தா அதோட போடுங்க. இல்லேன்னா புஸ்தகமே வேண்டாம்."

போட்டார்கள். முதல் பக்கத்தில், தனியாக, நாலு வரி. மேலே கீழே எல்லாம் வெள்ளைத் தாள். அவர் அதைத் தடவிப் பார்த்தார். எழுத்துப் பிழை இருக்கிறதா என்று பூதக்கண்ணாடி வைத்து ஒவ்வொரு எழுத்தாகப் படித்தார். இல்லை. அக்காவுக்கு ஒரு பிரதியைக் கூரியரில் அனுப்பச் சொன்னார். உள்ளே உங்கள் பெயரை எழுதட்டுமா என்று கேட்டேன், வேண்டாம் என்றார். அனுப்புநர் இடத்தில் போன் நம்பர் கேட்டார்கள். என் நம்பரைக் கொடுத்தேன்.

புத்தகம் போய்ச் சேர்ந்ததாகத் தகவல் வந்தது. அக்காவிடமிருந்து ஒன்றும் வரவில்லை.

மற்ற இடங்களிலிருந்து வந்தது. ஒரு வாரப் பத்திரிகையில், தாயின் பெயரால் ஊரை ஏமாற்றியவர் என்று எழுதியிருந்தார்கள். மருந்துக் கடைக்காரர் மாத்திரையைக் கொடுத்துவிட்டு வேறு பக்கம் பார்த்தார். ஒரு கூட்டத்துக்குத் தலைமை தாங்கக் கூப்பிட்டிருந்தவர்கள், கூட்டம் ஒத்திவைக்கப்பட்டது என்றார்கள். கடன் வேண்டுமா என்று கேட்கும் பெண் மட்டும் வழக்கம்போலக் கூப்பிட்டாள். அவளிடம் அவர் நலம் விசாரிக்கவில்லை. நாற்காலியில் உட்கார்ந்தபடி, "வாங்கினாளா, படிச்சாளா" என்று தினம் ஒருமுறை கேட்பார். "வாங்கினாங்க" என்பேன். படித்தாளா என்பது எனக்கெப்படித் தெரியும்?

ஒரு மத்தியானம் அவர் நகத்தை நான் வெட்டிக்கொண்டிருந்தபோது என் போன் அடித்தது. தெரிந்த நம்பர். முதல் நாள் எழுதிக்கொண்ட நம்பர்தான்.

"அவனைப் பாத்துக்கிறது நீங்களா?"

"ஆமாம்மா."

"எந்திரிச்சு நடக்கிறானா?"

"வாக்கர் வச்சு நடக்கிறார்."

"உக்காந்தே கிடந்தா பின்னால புண்ணு வந்துடும். மெத்தை வச்சிருக்கீங்களா?"

"காத்து மெத்தை போட்டிருக்கேன். ரெண்டு மணிக்கொரு தடவை எழுப்பி நிக்க வைக்கிறேன்."

"அது சரி. சின்ன வயசுலேருந்தே அவன் தண்ணி குடிக்க மாட்டான். மிரட்டித்தான் கொடுக்கணும்."

அவருக்குப் புரிந்துவிட்டது. நகம் வெட்டாத கையை நீட்டினார். போனுக்காக.

"அம்மா, இங்கதான் இருக்கார். பேசுறீங்களா? கொடுக்கட்டுமா?"

அந்தப் பக்கம் எங்கோ குக்கர் விசில் கேட்டது.

"வேண்டாம். நீங்களே பேசுங்க."

நான் அவரைப் பார்த்துத் தலையாட்டினேன். அவர் நீட்டிய கையை உடனே எடுக்கவில்லை. பிறகு மெதுவாக மடியில் வைத்துக்கொண்டார். அக்கா இன்னும் கொஞ்சம் கேட்டாள், நான் சொன்னேன். புத்தகத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அடுத்த வாரம் கூப்பிடுகிறேன் என்று வைத்தாள்.

அதேபோலக் கூப்பிட்டாள். அதற்கடுத்த வாரமும். என் போனில்தான், என்னோடுதான். அவர் எதிரே உட்கார்ந்து என் வாயையே பார்த்துக்கொண்டிருப்பார். நான் சொல்லும் பதில்களிலிருந்து அவள் கேட்கும் கேள்விகளை அவரே ஊகித்துக்கொள்வார். சிலது மட்டும் பிடிபடாது. வைத்தபின் கேட்பார்.

"கடைசியா என்னமோ கேட்டாளே. நீ சிரிச்சியே."

"மலச்சிக்கல் எப்படி இருக்குன்னு கேட்டாங்க."

"நீ என்ன சொன்ன?"

"இருக்குன்னு சொன்னேன்."

அவர் அதைக் கொஞ்சம் யோசித்தார்.

"சரியாத்தான் சொல்லியிருக்க," என்றார். "வேற என்ன கேட்டா?"